தையில் போட்ட அவரை

காய்கறியைப் பற்றி எனக்குத் தெரியாதது ஒன்றும் கிடையாது என்று நான் சொன்னால், அதில் முக்கால்வாசி உண்மை. நான் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவன். பாவூர்சத்திரம் சந்தையில் மூட்டை தூக்க ஆரம்பித்து, அப்புறம் லாரியில் சரக்கு ஏற்றிக் கயிறு கட்டி, அதற்கப்புறம் சொந்தமாகக் கமிஷன் கடை போட்டவன். நாற்பது வருடம் மலையாளத்துக்குப் போன காயில் ஒரு பங்கு என் கையைத் தொட்டுவிட்டுத்தான் போனது. ஓணத்துக்கு முந்தின வாரம் புளியரை செக்போஸ்டில் லாரிகள் வரிசையாக நிற்கும். அதில் எது என் லாரி என்று யாரும் கேட்க வேண்டியதில்லை. தார்ப்பாய் ஒரு சுருக்கம் இல்லாமல், பெட்டியில் வைத்துத் தைத்த மாதிரி இருக்கும்.

வெண்டைக்காயை நுனி ஒடித்துப் பார்க்கிறவன் கற்றுக்குட்டி. நான் சாக்கின் மேல் உள்ளங்கையை வைத்தால் போதும், உள்ளே இருப்பதைக் காலையில் பறித்தானா நேற்றுச் சாயங்காலம் பறித்தானா என்று சொல்லிவிடுவேன். சந்தையில் படித்த பையன்கள் எல்லாம் என் கையைத்தான் தராசு மாதிரிப் பார்ப்பார்கள்.

முழங்கால் இரண்டும் சண்டைக்கு நின்ற பிறகு கடையை மகனிடம் விட்டுவிட்டு இலஞ்சி வீட்டோடு உட்கார்ந்தேன். வீட்டுக்குப் பின்னால் நல்ல இடம் கிடந்தது. மேற்கே தலையைத் தூக்கினால் மலை. நாற்பது வருடம் ஊரான் காயை விற்ற நான், இனிமேல் என் காயை நானே தின்பேன் என்று முடிவு செய்தேன். அதுவும் கடையில் விற்ற ஒட்டு ரகம் கிடையாது. லாரியில் நாலு நாள் உருண்டாலும் நசுங்காத தக்காளியின் ருசி எப்படி இருக்கும் என்று என்னைவிட யாருக்குத் தெரியும்? நாட்டு விதைதான் என்று தேட ஆரம்பித்தேன்.

விவசாயம் பார்க்கும் அச்சன்புதூர் சம்சாரி ஒருவரிடம் வெள்ளைக் கத்தரி விதை வாங்கினேன். கோடு கோடாகப் பள்ளம் விழுந்த, பார்க்கக் கோணலான நாட்டுத் தக்காளியை ஒரு வீட்டு வேலியில் பார்த்துக் கேட்டு வாங்கினேன். விரல் நீளம்கூட இல்லாத மிதிபாகல் தானாகவே முளைத்தது. தானாக முளைத்ததையும் என் கணக்கில்தான் சேர்த்துக்கொள்வேன். என் மண்ணில்தானே முளைத்தது. முதல் வருடமே கத்தரி காய்த்த காய்ப்பைப் பார்த்து, அந்த அச்சன்புதூர்க்காரரே வந்து செடியைச் சுற்றிச் சுற்றி நடந்தார்.

சமைப்பதும் நான்தான். லாரி நிழலில் பம்ப் ஸ்டவ் வைத்துக் கற்ற சமையல். வெள்ளைக் கத்தரியைக் காம்பை விடாமல் நாலாகக் கீறி, உப்புத் தண்ணீரில் போட்டு எடுத்து, நல்லெண்ணெயில் சின்ன வெங்காயத்தோடு தோல் சுருங்கும் வரை வதக்கி, வறுத்து அரைத்த மசாலாவையும் கெட்டிப் புளியையும் விட்டு, அடுப்பைக் குறைத்துவிட்டு வெளியே போய்விட வேண்டும். நின்று கிண்டினால் குழைந்துவிடும். இதுதான் ரகசியம். கிண்டாமல் இருக்க எல்லாருக்கும் முடியாது. என் மனைவிக்குக் கைமணம் என்னைவிட அதிகம் என்று சொந்தக்காரர்கள் சொல்கிறார்கள். சொந்தக்காரர்களுக்கு நாக்கு எப்போதுமே கொஞ்சம் கம்மி.

இப்படிப் பேர் வாங்கிக்கொண்டிருந்த நேரத்தில்தான் அவரை வந்தது.

என் மனைவிக்குச் சொந்த ஊர் கடையம். அவள் பிறந்த வீட்டுக் கொல்லையில் ஒரு பந்தல் அவரை உண்டு. பட்டையான காய். ஓரத்தில் சேலைக்குக் கரை போட்ட மாதிரி ஊதா நிறம் ஓடும். வெந்தால் ஒரு மணம் வரும். அதைச் சொல்ல எனக்குப் படிப்புப் போதாது. பேர் எதுவும் கிடையாது. அவர்கள் வீட்டில் 'நம்ம அவரை' என்பார்கள், மற்றவர்கள் 'அவங்க வீட்டு அவரை' என்பார்கள். நான் சந்தையில் பார்த்த அவரை எத்தனையோ, இது மட்டும் எந்த மூட்டையிலும் வந்ததில்லை. அவள் தம்பி, போலீஸில் இருந்து ஓய்வு பெற்றவன், பழைய வீட்டை இடித்து மாடி கட்டியபோது கொல்லை முழுக்கச் சிமெண்ட் போட்டுவிட்டான். பந்தலும் அதோடு போனது. அதற்கு முன்பே இவள் கொஞ்சம் விதையைச் சாம்பலில் புரட்டி ஒரு பாட்டிலில் எடுத்து வந்திருந்தாள்.

பொங்கல் கழிந்த வாரம் ஒரு நாள் பாட்டிலைக் கொண்டுவந்து என் கையில் கொட்டினாள். கறுப்பு விதை, முதுகில் வெள்ளைக் கோடு. பதினொன்று இருந்தது.

"இவ்வளவுதான் மிச்சம். கடையத்துலயும் இப்ப கிடையாது. ஆடியில போடுங்க. அதுலயும் பாதிய எடுத்து வச்சிட்டுப் போடுங்க" என்றாள்.

"ஆடி வரைக்கும் எதுக்குட்டி காத்துக் கெடக்கணும்?"

"ஆடிப் பட்டம் தேடி விதைன்னு சும்மாவா சொல்லியிருக்காக?"

நான் சிரித்தேன். மழையை நம்பி இருக்கிறவனுக்குத்தான் பட்டம். என் வீட்டில் போர்வெல் இருக்கிறது, பொத்தானை அழுத்தினால் மழை. அதுவும் போக, நான் நாற்பது வருடம் பன்னிரண்டு மாதமும் அவரைக்காய் ஏற்றி அனுப்பியவன். தையில் வந்தது, வைகாசியில் வந்தது, ஆவணியில் வந்தது. அவரைக்கு மாதம் கிடையாது என்பதற்கு என்னைவிடப் பெரிய சாட்சி யார்? அவள் உள்ளே போனதும் குழி எடுத்தேன். எரு, எலும்புத் தூள், மீன் கழிவு எல்லாம் போட்டு, பதினொன்றையும் ஊன்றிவிட்டேன். பாதி லோடு ஏற்றி வண்டியை அனுப்புகிற பழக்கம் எனக்கு இல்லை.

சாயங்காலம் அவள் காலிப் பாட்டிலைப் பார்த்தாள். "எல்லாத்தையுமா போட்டிய?" என்று ஒரே ஒரு தடவைதான் கேட்டாள். அவள் திட்டினால் எனக்குப் பயம் கிடையாது. திட்டாமல் இருந்தால்தான் பயம்.

ஆறு முளைத்தது. முளைத்ததா, பாய்ந்ததா! பங்குனிக்குள் பந்தல் முழுக்க இலை. உள்ளங்கை அகலம். கீழே கட்டில் போட்டுப் படுத்தால் வெயில் ஒரு பொட்டு விழாது. பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவர் கடையநல்லூர்க்காரர். இருபத்தைந்து வருடம் வளைகுடாவில் இருந்துவிட்டு வந்து, எங்கள் சுவரை ஒட்டி வீடு கட்டி, மொட்டை மாடி நிறையத் தொட்டி வைத்திருக்கிறவர். "அங்கன நான் பாத்த பச்ச, சிக்னல் லைட்டு மட்டுந்தான் அண்ணாச்சி" என்பார். எதைச் சொன்னாலும் போனில் ஒரு வீடியோ பார்த்துவிட்டுத்தான் நம்புவார்.

"இல சூப்பரா இருக்கு அண்ணாச்சி. பூ எங்க?"

"வரும் பாய். அவசரப்பட்டா பிரியாணி வேகுமா?"

சித்திரை போனது. பூ வரவில்லை. நான் இன்னும் எரு வைத்தேன். இலை இன்னும் பெரிதானது. கண் பட்டிருக்கும் என்று பந்தக்காலில் பழைய செருப்பு ஒன்றைக் கட்டித் தொங்கவிட்டேன். செருப்புக்கும் மசியவில்லை. நான் ஊற்றிய தண்ணீரில் வேர் அழுகி மூன்று கொடி மஞ்சளாகிச் செத்தது. மிச்சம் மூன்று. இது காய்க்காமல் போனால் அவள் வீட்டு அவரை என்று உலகத்தில் ஒன்று இருக்காது, அதைத் தீர்த்துக் கட்டிய ஆள் நானாக இருப்பேன். இது எனக்கு நன்றாகத் தெரிந்துவிட்டது. ஆனாலும் வாயைத் திறந்து சொல்வேனா?

வைகாசியில் ஒரு காலை, அவளே வந்தாள். "கொடிய மிரட்டிப் பாப்போம்" என்றாள்.

காய்க்காத மரத்தை மிரட்டுவது எங்கள் பக்கத்தில் உண்டு. ஒருவர் அரிவாளோடு வெட்டப் போக வேண்டும். இன்னொருவர் குறுக்கே விழுந்து கெஞ்ச வேண்டும். மரம் பயந்து காய்த்துவிடும் என்பார்கள். நான் இதையெல்லாம் நம்புகிறவன் இல்லை. ஆனால் செய்வதென்றால் அரைகுறையாகச் செய்ய எனக்கு வராது. தேங்காய் வெட்டும் அரிவாளை எடுத்துக்கொண்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, சந்தைக் குரலில் ஆரம்பித்தேன்.

"தின்னுட்டு தின்னுட்டு சும்மாதானே கெடக்க! ஒன்ன வச்சிப் பாத்து எனக்கு என்ன பிரயோசனம்? இன்னைக்கு ஒன்ன ரெண்டா வெட்டாம விடமாட்டேன்!"

"ஐயோ, வேண்டாங்க! இந்த ஒரு தடவ விட்டுருங்க!" என்று அவள் குறுக்கே வந்தாள். அவளும் சாதாரணப்பட்டவள் இல்லை, நிஜமாகவே கதறினாள்.

"தள்ளுட்டி! அஞ்சு மாசமா பொறுத்துட்டேன்!"

"கால்ல விழுதேன், கார்த்திக வரைக்கும் தவணை குடுங்க!"

தொப்பென்று ஒரு சத்தம். பக்கத்து வீட்டுக்காரர் சுவர் ஏறிக் குதித்து, கைலியைப் பிடித்தபடி ஓடி வந்தார். "அண்ணாச்சி! அருவாள கீழ போடுங்க! மைனி, நீங்க வீட்டுக்குள்ள போங்க! எதுனாலும் பேசித் தீத்துக்கிடலாம் அண்ணாச்சி, இந்த வயசுல கோர்ட்டு கேஸ்னு அலைய முடியாது!"

என் மனைவி கொடியைக் கட்டிக்கொண்டு நின்றபடி சிரித்த சிரிப்பில் இரண்டு இலை உதிர்ந்தது. விஷயத்தைச் சொன்னதும் அவர் செடி ஓரத்திலேயே உட்கார்ந்துவிட்டார். முழங்காலில் தோல் உரிந்திருந்தது. "எங்க உம்மா முருங்கைய இப்பிடித்தான் மிரட்டுவாக. ஆனா இவ்வளவு கெட்ட கோவமா மிரட்ட மாட்டாக அண்ணாச்சி" என்றார்.

அவள் கெஞ்சலில் கார்த்திகை என்று சொன்னாளே, அதை நான் அன்றைக்குக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

மறுவாரம் பேங்கில் வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டுக் கடையத்துக்கு பஸ் ஏறினேன். மச்சினன் வீட்டிலோ, அவர்கள் தெருவிலோ யாரிடமாவது நாலு விதை இருந்தால் வாங்கி வந்து பாட்டிலில் போட்டுவிடலாம், ஒருவருக்கும் தெரியாது என்பது என் திட்டம். மச்சினன் மாடிப்படியில் நின்று நான் சொன்னதைக் கேட்டான். போலீஸ்காரன் கேட்கிற மாதிரியே கேட்டான்.

"என்னைக்குப் போட்டிய அத்தான்?"

"தை."

"தையிலயா?" தலையில் கை வைத்துக்கொண்டான். "அத்தான், நீங்க சந்தையில வித்தது செடி அவரை. அது எப்பவும் காய்க்கும். இது கொடி அவரை. பகல் சுருங்கினாத்தான் பூக்கும். கோடையில நீங்க பால ஊத்தி வளத்தாலும் இலதான் வரும்."

"அத உங்க அக்கா சொல்லலியே மாப்ள."

"ஆடியில போடுங்கன்னு சொன்னாளா இல்லியா?"

இருவருமாகத் தெருவில் வீடு வீடாகக் கேட்டுவிட்டோம். ஒருவரிடமும் இல்லை. எல்லாருக்கும் அந்தக் காயின் ருசி ஞாபகம் இருந்தது. விதை மட்டும் இல்லை. நாற்பது வருடம் லாரி லாரியாக அவரை ஏற்றியவன், நாலு விதை கிடைக்காமல் பஸ் ஸ்டாண்டில் நின்றேன். வீட்டுக்கு வந்ததும் அவள் கேட்டாள்:

"பேங்குல என் தம்பி நல்லா இருக்கானா?"

அவன் போனில் எல்லாவற்றையும் சொல்லிவிட்டிருந்தான். நான் தலையைக் குனிந்துகொண்டேன். என் வாழ்க்கையில் அது அடிக்கடி நடக்கிற காரியம் இல்லை.

"கொடி கார்த்திக வரைக்கும் உசிரோட இருந்தா பூக்கும்" என்றாள். "எருவையும் தண்ணியையும் கொறைங்க. அதுக்கு இப்ப சாப்பாடு வேண்டாம், உசிருதான் வேணும். காப்பாத்துங்க."

காப்பாற்றினேன். கோடை முடிகிற வரை காலையில் மட்டும் ஒரு செம்புத் தண்ணீர். கொழுந்தில் அசுவினிப் பூச்சி அப்பியபோது விடியும் முன்னே இலையை நனைத்து அடுப்புச் சாம்பல் தூவினேன். பாதிக் கொடியை வெட்டிச் சுமையைக் குறைத்தேன். வெட்டும் முன் கொடியிடம் மன்னிப்புக் கேட்டேன் என்று எழுதினால் யாரும் நம்ப மாட்டார்கள், அதனால் எழுதவில்லை.

ஆனியில் சாரல் பிடித்தது. குற்றாலத்துக்குக் குளிக்கப் போகிற கார்கள் எங்கள் தெரு முனை வரை நின்றன. ஊருக்கெல்லாம் சாரல் என்றால் சந்தோஷம், எனக்கு இல்லை. சாரலோடு வருகிற மேல்காற்று செங்கோட்டைக் கணவாய் வழியாக நேரே என் பந்தலுக்குத்தான் வருகிறது. ஆடி பிறந்த வாரம், காலைச் சாப்பாட்டு நேரத்தில், மடாரென்று பந்தலின் மேற்குக் கால் முறிந்தது. ஓடிப்போய்ப் பார்த்தால் பந்தல் ஒரு பக்கமாகச் சாய்ந்து, ஒரு கொடி அடியோடு ஒடிந்து கிடந்தது. இன்னொன்று என் கண் முன்னே வேரோடு வந்தது. மூன்றாவது கொடி தரைக்கு அருகே வளைந்து நின்றது. இன்னும் ஒரு காற்று அடித்தால் முடிந்தது கதை.

நான் தோளைக் கொடுத்துப் பந்தலைத் தாங்கிக்கொண்டு, "பாய்!" என்று கத்தினேன். அவர் இந்தத் தடவை சுவர் ஏறாமல் வாசல் வழியாகவே வந்தார்.

"இப்ப நெசமாவா, மிரட்டலா அண்ணாச்சி?"

"நெசந்தான் பாய்! பிடியும்!"

அவர் மழையில் நனைந்துகொண்டு தாங்கிப் பிடித்தார். என் மனைவி பழைய லாரிக் கயிற்றைக் கொண்டுவந்தாள். அப்போதுதான் என் கை வேலையைப் பார்த்திருக்க வேண்டும். கொய்யா மரத்துக்கும் கிணற்றடித் தூணுக்கும் சுவர்க் கம்பிக்கும் மாற்றி மாற்றி இழுத்து, இழுக்க இழுக்க இறுகுகிற முடிச்சாகப் போட்டேன். பதினைந்து டன் முட்டைக்கோஸை ஆரியங்காவு வளைவில் அசையாமல் வைத்திருந்த முடிச்சு அது. அதற்கு முன்னால் காற்று எந்த மூலைக்கு? ஆடி முழுக்க அடித்தது. பந்தல் அசையவில்லை. பக்கத்து வீட்டுக்காரர் அந்த முடிச்சைப் போனில் படம் எடுத்தார். போனில் பார்க்காமல் அவர் நம்பிய முதல் காரியம் அதுதான்.

ஒரே ஒரு கொடி. புரட்டாசி, ஐப்பசி, அடைமழை. பகலில் பத்துத் தடவை போய்ப் பார்ப்பேன். பார்க்கவில்லை என்பேன்.

கார்த்திகை பிறந்து ஒரு வாரம் இருக்கும். அடுக்களையில் இருந்தவளை, "ஏட்டி, இங்கன வா" என்று கூப்பிட்டேன். கொடி நுனியில் ஒரு காம்பு, அதில் ஊதாவாக மொட்டு மொட்டாக. அவள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டப் போய்ப் பார்த்தாள். தொடவில்லை. "ம், வந்துட்டு" என்று சொல்லிவிட்டு, கண்ணாடியைக் கழற்றி முந்தானையால் துடைத்தாள். கண்ணாடி ஏற்கெனவே சுத்தமாகத்தான் இருந்தது.

அதற்கப்புறம் அது பூத்தது பாருங்கள், நிறுத்தத் தெரியாமல் பூத்தது. ஒரு வருடம் அடக்கி வைத்ததை எல்லாம் சேர்த்துப் பூத்தது. மார்கழியில் கொத்துக் கொத்தாகக் காய், அதே ஊதாக் கரையோடு. எனக்கு நாக்கு ஊறியது. ஒன்றைப் பறிக்கக் கையைக் கொண்டுபோனேன்.

"கைய எடுங்க" என்று பின்னால் குரல். "மொத வெத. அப்புறந்தான் வாய்."

ஒன்றைக்கூடத் தின்ன விடவில்லை. நல்ல நடுக்காய்களாகப் பார்த்துத் துணி கட்டி அடையாளம் வைத்து, கொடியிலேயே நெற்றாகக் காய விட்டாள். உலுப்பினால் கலகலவென்று சத்தம் வந்த பிறகுதான் பறித்தாள். தைப் பொங்கல் கழிந்து ஒரு நாள், மச்சினனைக் கடையத்திலிருந்து வரவழைத்தாள், பக்கத்து வீட்டுக்காரரையும் கூப்பிட்டாள். சுளகில் விதையைக் கொட்டினாள். ஒரு உழக்குக்குக் குறையாது. அதை மூன்று பங்காகப் பிரித்தாள்.

"தம்பி, சிமெண்ட ஒடச்சு ஒரு குழியாவது எடுத்துப் போடு. போலீஸ்காரன் வீட்டுல ஒரு அவரைக்கொடி நின்னா ஒண்ணும் குத்தம் இல்ல. பாய், இது உங்களுக்கு."

"மாடியில ஒரு தொட்டி, கடையநல்லூர்ல எங்க லாத்தா, அக்காதான், அவுக வீட்டுல ஒண்ணு, போட்டுருவோம் மைனி" என்றார் அவர்.

"ரொம்ப நல்லது. ஆனா ஆடி பொறக்குற வரைக்கும் இத அவுக கண்ணுல மட்டும் காட்டிராதிய."

"ஏட்டி, நான் என்ன திருடனா?" என்றேன்.

"திருடன்னா பாதியாவது விட்டுட்டுப் போவான்" என்றாள்.

மச்சினன் சிரித்த சிரிப்பில் மேல்சட்டைப் பித்தான் தெறித்திருக்கும். நான் எழுந்து அடுக்களைக்குப் போனேன். அன்றைக்குத்தான் கொடியில் இருந்த பிஞ்சுக் காயைப் பறிக்க உத்தரவு கிடைத்திருந்தது. நார் எடுத்து, கையாலேயே இரண்டாக ஒடித்து (கத்தி படக் கூடாது), கடுகும் உளுந்தும் தாளித்து, கிள்ளிய மிளகாய் வற்றலோடு போட்டு, தண்ணீரைத் தெளித்து மூடினேன். கடைசியில் தேங்காய்ப்பூ. இதுதான் எங்கள் பக்கத்துத் துவட்டல், வேறொன்றும் கிடையாது. மூடியைத் திறந்தபோது அந்த மணம் கூடத்துக்குப் போனது. மச்சினன் எழுந்து அடுக்களை வாசலுக்கே வந்துவிட்டான்.

நாலு பேரும் ஒரு வரிசையாக உட்கார்ந்து சாப்பிட்டோம். பக்கத்து வீட்டுக்காரர் மூன்றாவது தடவை துவட்டல் வாங்கிக்கொண்டார். என் மனைவி, "தேங்கா கொஞ்சம் கூடிப்போச்சு" என்று சொல்லிவிட்டு, சட்டியில் ஒட்டியதைச் சோறு போட்டுப் பிசைந்து தின்றாள்.

அவள் பங்கு விதையை எங்கே வைத்திருக்கிறாள் என்று எனக்கு இன்று வரை தெரியவில்லை. அரிசி டிரம்மில் இல்லை. சாமி அலமாரியில் இல்லை. பட்டுச் சேலை மடிப்பில் இல்லை. அதைப் பழையபடி மடித்து வைக்கத்தான் எனக்குத் தெரியாமல் மாட்டிக்கொண்டேன். நேற்றுச் சுவர்ப் பக்கமாகப் போய், "பாய், சும்மா ரெண்டே ரெண்டு விதை, மண்ணு நல்ல ஈரமா இருக்கு" என்று கேட்டுப் பார்த்தேன். அவர் மாடியில் நின்றபடியே, "மைனி! அண்ணாச்சி கேக்காக!" என்று கத்திவிட்டார்.

பரவாயில்லை. ஆடிக்கு இன்னும் ஐந்தாறு மாதம் கிடக்கிறது, பரண் பக்கம் நான் இன்னும் தேடவில்லை.